தெரேசா பார்க்கப் போன பூ

செத்த செடிகளோடு குடித்தனம் பண்ணுகிறவள் என்று தெரேசாவை அவளுடைய கணவர் சுவக்கின் கேலி செய்வார். அதில் பொய் ஒன்றும் இல்லை. கண்டிக்குப் பக்கத்தில், உலர்ந்த தாவரங்களைச் சேர்த்து வைக்கும் நிலையம் ஒன்றில் அவள் வேலை பார்த்தாள். காட்டிலும் மலையிலும் பறித்து, பழைய பத்திரிகைத் தாள்களுக்கு நடுவே அழுத்திக் காயவைத்துக் கொண்டுவருகிற செடிகளைத் தடித்த வெள்ளை அட்டையில் பதிப்பதுதான் அவள் தொழில். இலைக்குப் பசை. தண்டு தடிப்பாக இருந்தால் ஊசியும் நூலும். உதிர்ந்த பூவையும் விதையையும் போட்டு வைக்க அட்டையின் மூலையில் சின்னதாய் ஒரு கடதாசி உறை. அட்டைகள் இரும்பு அலுமாரிகளுக்குள் போய்விடும். அலுமாரியைத் திறந்தால் பூச்சி உருண்டை வாசம் முகத்தில் அடிக்கும். அந்த வாசம் தெரேசாவின் சேலையில் ஏறி, வீட்டுக்கு வந்து, சோற்றில்கூட அடிக்கிறது என்று சுவக்கின் முறையிட்ட நாட்கள் உண்டு. அவருக்கென்ன, கட்டுகஸ்தோட்டையில் ஒரு பேக்கரியில் வேலை. அவர் சட்டையில் எப்போதும் பாண் ரொட்டி வாசம்.

தெரேசா பிறந்தது மடுல்கெல்லைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டம் ஒன்றில். தொழிலாளர் குடியிருக்கும் வரிசை வீடான லயத்தின் வாசலில் நின்று அண்ணாந்து பார்த்தால் முதலில் தேயிலை, தேயிலைக்கு மேலே காடு, காட்டுக்கு மேலே பெரும்பாலும் மேகம். நடக்கத் தொடங்கிய வயதில் இளம்பிள்ளைவாதம் வந்து இடது கால் சூம்பிப் போனது. மற்றப் பிள்ளைகள் விறகு பொறுக்கக் காட்டு விளிம்புவரை ஏறிப் போவார்கள். தெரேசா வாசலிலேயே உட்கார்ந்திருப்பாள். மேலே ஒரு சுனை இருக்கிறது, அந்தத் தண்ணீரைக் குடித்தால் பல் கூசும் என்று தங்கை வந்து சொல்வாள். மரங்களுக்குத் தாடி முளைத்திருக்கிறது என்பாள். மேகத்துக்குள் நுழைந்தால் பக்கத்தில் நிற்பவளின் முகம்கூடத் தெரியாது என்பாள். தெரேசாவுக்கு மலை என்பது மற்றவர்கள் போய்விட்டு வந்து சொல்லும் செய்தி. அவள் அதற்காக அழுததில்லை. கேட்டுக்கொள்வாள், அவ்வளவுதான்.

காலுக்கு வைத்தியம் பார்க்கக் கண்டிக்கு வந்தவளைக் கன்னியாஸ்திரிமார் தங்கள் விடுதியிலேயே வைத்துப் படிக்கவைத்தார்கள், தையலும் பழக்கினார்கள். அந்தத் தையல்தான் அவளுக்குச் சோறு போட்டது. வேலைக்கு ஆள் எடுக்கிற அன்று, காய்ந்த சுள்ளி ஒன்றைக் கொடுத்து அட்டையில் தைக்கச் சொன்னார்களாம். சுள்ளி அசையவில்லை, நூலும் கண்ணுக்குத் தெரியவில்லை. அன்றிலிருந்து ஓய்வு பெறும்வரை அதே மேசை, அதே யன்னல், அதே கதிரை. ஒரு கால் பலகையைச் சுவக்கினே செய்து கொண்டுவந்து மேசைக்கடியில் வைத்தார்.

இத்தனை வருடமும் எத்தனையோ செடி அவள் கையால் போயிருக்கும். எதன் மீதும் தனியாக ஆசை வைத்ததில்லை. எல்லாம் ஒரே பழுப்பு. ஆசை வந்தது ஓய்வு பெறுவதற்குக் கொஞ்சக் காலம் முன்னால்தான்.

அக்குறணையிலிருந்து வந்து வேலைக்குச் சேர்ந்திருந்த மஸாஹிரா என்ற இளம் ஆராய்ச்சியாளர் சூரியகாந்திக் குடும்பத்துச் செடிகளைப் படித்துக்கொண்டிருந்தாள். ஒரு நாள் மிகப் பழைய அட்டை ஒன்றைத் தெரேசாவின் மேசைக்குக் கொண்டுவந்தாள். தையல் விட்டுப்போயிருந்தது, சரிசெய்ய வேண்டும். தேயிலை வருவதற்கு முன்னால், மலையெல்லாம் கோப்பி பயிரிட்ட காலத்தில் யாரோ ஒரு வெள்ளைக்காரர் பறித்த கிளை. ஆளுயரத்துக்கு வளரும் புதர், இந்த நாட்டு மலைகளைத் தவிர வேறெங்கும் கிடையாது என்று மஸாஹிரா சொன்னாள். உறைக்குள் உதிர்ந்து கிடந்த பூக்களில் ஒன்றை எடுத்து, படிப்புக்கு வேண்டும் என்று ஒரு சின்னக் கிண்ணத்தில் வெந்நீர் ஊற்றி அதில் போட்டாள். பிறகு உருப்பெருக்கிக் கண்ணாடியைச் சரிசெய்துவிட்டுத் தெரேசாவைக் கூப்பிட்டாள்.

"தெரேசாக்கா, கொஞ்சம் இங்க வந்து பாருங்களேன்."

தெரேசா குனிந்து பார்த்தாள். தேயிலைத் தூள் மாதிரி கறுத்துச் சுருண்டு கிடந்தது அசைந்தது. முதலில் ஒரு பக்கம் நிமிர்ந்தது. பிறகு மெல்ல, யாரும் தொடாமல், தானாகவே விரிந்தது. ஒரு பூ என்று அவள் இவ்வளவு காலம் நினைத்தது ஒரு பூ இல்லை. ஒரு கிண்ணத்துக்குள் நெருக்கி வைத்த பூக்களின் கூட்டம். ஒவ்வொன்றும் நூலளவு குழல். ஒவ்வொரு குழலின் வாயிலும் ஐந்து நுனி. நடுவிலிருந்து இரண்டு மெல்லிய கைகள் எழும்பி வெளிப்பக்கமாய் வளைந்திருந்தன. பறித்த வெள்ளைக்காரனும் மண்ணாய்ப் போனான், கோப்பியும் போயிற்று, அவனுக்குப் பின் வந்த எத்தனை பேரோ போனார்கள். பூ இப்போதுதான் எழும்பியது போல் வெந்நீரில் மலர்ந்து கிடந்தது.  தெரேசா நிமிராமலே வெகுநேரம் பார்த்தாள்.

எல்லாம் திரும்பி வந்தது. நிறம் மட்டும் வரவில்லை. வெந்நீர்தான் கொஞ்சம் சாயத் தண்ணீராய் மாறியது. உயிரோடிருக்கும்போது இது என்ன நிறம் என்று தெரேசா கேட்டாள். மஸாஹிரா பார்த்ததில்லை, ஊதா என்று படித்திருக்கிறாள். காடு சுற்றிச் செடி பறித்து வருகிற கலகெதர ஊர்க்கார றிஸ்வியைக் கேட்டபோது, ஒருமுறை கண்டதாகவும் கத்தரிப்பூ நிறம் என்று நினைவு என்றும் சொன்னான். அவனோடு கூடப் போன இன்னொருவர் வெள்ளை என்று சாதித்தார். அட்டையின் அடியிலிருந்த ஊர்ப் பெயரை மஸாஹிரா வாசித்துக் காட்டியபோதுதான் தெரேசா கதிரையில் உட்கார்ந்தாள். மடுல்கெல்லைக்கு மேலே உள்ள மலைமுகடு. அவள் பிள்ளையாய் வாசலில் உட்கார்ந்து அண்ணாந்து பார்த்த அதே மலை.

ஓய்வு பெற்ற கையோடு, அந்தப் பூவை அது நிற்கிற இடத்திலேயே போய்ப் பார்க்க வேண்டும் என்று சுவக்கினிடம் சொன்னாள். அவர் மா பிசைந்துகொண்டிருந்த கையை நிறுத்தினார். மடு மாதா கோயிலுக்குப் போக வேண்டும், மகள் ஷெரோனைப் பார்க்கக் கொழும்புக்குப் போக வேண்டும் என்று எதையாவது கேட்பாள் என எதிர்பார்த்திருந்தார். "இந்தக் காலோட மலை ஏறப் போறியா?" என்று கேட்டார். அவள் ஆமாம் என்றாள்.  அந்தக் கிழமையே அவர் சப்பாத்துக் கடைக்குப் போய், அவளுடைய சூம்பிய காலுக்கான உயரச் சப்பாத்துக்கு வழுக்காத அடி போட்டுக்கொண்டு வந்தார்.

மாசி மாதம்தான் பூக்கிற காலம் என்று றிஸ்வி சொல்லியிருந்தான். அந்த மாசியில் இருவரும் தோட்டத்துக்குப் போனார்கள். தெரேசாவின் தங்கை இப்போது இல்லை. தங்கை மகள் அனுஷியா அதே லயத்தில், கணவன் நிரஞ்சனோடும் கைக்குழந்தையோடும் இருந்தாள். கொழுந்து பறிக்கப் போகும் தாய்மார் பிள்ளைகளை விட்டுப் போகிற பிள்ளைக்காம்பராவில் அவளுக்கு வேலை. பெரியம்மா மலைக்குப் போகப் போகிறாள் என்றதும் அவளுக்குச் சிரிப்பு வந்தது. பூவுக்காக என்றதும் இன்னும் சிரித்தாள். ஆனாலும் அட்டைப்பூச்சி கடிக்காமலிருக்க இருவர் காலிலும் சவர்க்காரத்தைத் தேய்த்துவிட்டு, நிரஞ்சனையும் துணைக்கு அனுப்பினாள்.

தேயிலை முடிகிற இடம்வரை ஓட்டோ போனது. அங்கிருந்து படி மாதிரி வெட்டிய ஒற்றையடிப் பாதை. ஒரு கையில் தடி, மறு கை நிரஞ்சன் தோளில். தெரேசா வலது காலை முன்னே வைத்து இடது காலை இழுத்து வைத்தாள். ஒவ்வொரு படிக்கும் நின்றாள். காட்டு விளிம்பைத் தொட்டபோது மேகம் இறங்கிவிட்டது. தங்கை சொன்னது உண்மைதான். பக்கத்தில் நின்ற சுவக்கினின் முகம் தெரியவில்லை, குரல்தான் கேட்டது. மழை தூறத் தொடங்கியது. அவள் அடுத்த அடியை வைத்தாள், தடி வழுக்கியது, மணிக்கட்டு கல்லில் மோதியது.

சுவக்கின் அவளை ஒரு மரத்தடியில் உட்காரவைத்துவிட்டு, தான் போய்ப் பார்த்து வருவதாகச் சொல்லி மேலே போனார். போனவர் தொப்பலாய் நனைந்து, ஏதோ ஒரு செடியின் இலையோடு திரும்பி வந்தார். தெரேசா அதைத் திருப்பிப் பார்த்தாள். அது வேறு செடி. அதைச் சொல்ல மனம் வராமல் கைப்பைக்குள் வைத்துக்கொண்டாள். வீங்கிய கையோடு இறங்கி வந்தார்கள். கண்டிக்குப் போகிற பஸ்ஸில் அவள் யன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டிருந்தாள். 

அந்த வருடம் நவம்பர் கடைசியில் புயல் வந்தது. கண்டியே இருண்டு கிடந்தது. பாதைகள் அறுந்தன, தொலைபேசி செத்தது. மடுல்கெல்லைப் பக்கம் மலை உடைந்துவிட்டது என்று மட்டும் கேள்வி. அனுஷியா இருக்கிறாளா இல்லையா என்று தெரியாமல் தெரேசா செபமாலையைக் கையில் வைத்துக்கொண்டு சமையலறைக்கும் வாசலுக்குமாய் நடந்தாள். பாதை திறந்ததும் சுவக்கின் பேக்கரியில் கிடைத்த பாணையெல்லாம் சாக்கில் கட்டி, ஒரு லொறியில் இடம் பிடித்து அவளையும் ஏற்றிக்கொண்டு போனார்.

அனுஷியா உயிரோடிருந்தாள். தோட்டத்துப் பாடசாலையில், நிலத்தில் விரித்த பாயில், குழந்தையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். மலை வெடிப்பு விட்டிருக்கிறது என்று யாரோ புயலன்று மத்தியானம் கத்திக்கொண்டு வந்ததால் லயத்து ஆட்கள் எல்லோரும் வெளியேறிவிட்டார்கள். லயம்தான் போனது. தோட்டத்தின் அடுத்த டிவிஷனில் ஒரு குடும்பத்தால் வெளியேற முடியவில்லை. அவர்களை இன்னும் தோண்டிக்கொண்டிருந்தார்கள். தெரேசா பெரிய மலையை அண்ணாந்து பார்த்தாள். முகட்டுக்குக் கீழேயிருந்து தேயிலைவரை தோலை உரித்தது போல் சிவப்பாய்க் கிடந்தது. அந்த வழியில்தான் அவர்கள் ஏறியிருந்தார்கள். பூ நிற்கும் என்று தேடிப் போன இடமும் அதுதான் என்பது அவளுக்கு நினைவு வந்தது. பாணுக்காக வரிசையில் நின்றவர்களைப் பார்த்தாள். அந்த நினைவுக்காகவே வெட்கப்பட்டாள்.

அதற்குப் பிறகு மாதத்தில் ஓரிரு முறை இருவரும் போய் வந்தார்கள். பாணும், பால்மாவும், பிள்ளைக்கு உடுப்பும். பூவைப் பற்றி அவள் ஒரு வார்த்தை பேசவில்லை. சுவக்கின் ஒருமுறை பேச்செடுத்தபோது, மனிதர் போய்விட்ட இடத்தில் பூவா முக்கியம் என்று அதட்டினாள்.

மாசி பிறந்து வெயில் ஏறியது. ஒரு காலை அனுஷியா தொலைபேசியில் கூப்பிட்டாள். வழக்கமாக அவள் நலம் விசாரித்த பிறகுதான் விஷயத்துக்கு வருவாள். அன்று எடுத்ததும், "பெரியம்மா, நீங்க தேடுன பூ எப்படி இருக்கும்னு சொன்னீங்க?" என்று கேட்டாள். தெரேசா கிளையையும் இலையையும் கொத்தையும் சொன்னாள். நிறத்தைச் சொல்லத் தெரியவில்லை. அனுஷியா பக்கத்தில் யாரிடமோ ஏதோ கேட்டாள். பிறகு சொன்னாள்: "அப்ப வாங்க. நீங்க ஏற வேணாம். மலை எறங்கி வந்திருக்கு."

என்ன சொல்கிறாள் என்று தெரேசாவுக்குப் புரியவில்லை. போய்ப் பார்த்தபோதுதான் புரிந்தது. சரிந்த மலை முழுவதும் சேறாய் வரவில்லை. காட்டு விளிம்பில் ஒரு துண்டு, ஒரு கோயில் முற்றம் அளவு, பிளந்து, மரமும் செடியுமாய் நின்ற நிலையிலேயே, சேற்றின் மீது படகு மாதிரி வழுக்கி வந்து, மேல் தேயிலைக்குப் பக்கத்தில் தட்டி நின்றுவிட்டது. அந்தப் பக்கம் போகக்கூடாது என்று அதிகாரிகள் இவ்வளவு நாளும் கயிறு கட்டியிருந்தார்கள். மண் காய்ந்து இறுகி, மறுபடி கொழுந்து பறிக்க விட்ட அன்றுதான் ஆட்கள் கண்டார்கள்.

ஓட்டோ நின்ற இடத்திலிருந்து தேயிலைக்கு நடுவே சமமான பாதை. தெரேசா தடியை ஊன்றி நடந்தாள். சிவந்த மண்மேட்டைச் சுற்றித் திரும்பினாள். திரும்பியவள் நின்றாள்.

அது அவள் தலைக்கு மேலே நின்றது. ஒன்று இரண்டு இல்லை, ஒரு புதர்க்காடு. மேலே மறைத்திருந்த பெரிய மரங்கள் பலவும் சாய்ந்துபோய்விட்டதால், ஒருநாளும் கண்டிராத வெயில் அதன் மேல் முழுதாய்க் கொட்டிக்கொண்டிருந்தது. இலை தெரியாமல் பூத்திருந்தது. மொட்டு நல்ல கருஊதா. விரிந்தது கத்தரிப்பூ நிறம். மூத்தது வெளிறி, பாலில் ஒரு சொட்டு மை விட்டாற் போல, கடைசியில் வெள்ளை. ஒரே கொத்தில் அத்தனையும் இருந்தன. றிஸ்வி சொன்னதும் சரி, மற்றவர் சாதித்ததும் சரி. தேனீக்களின் இரைச்சலில் புதர் முழுவதும் நடுங்குவது போலிருந்தது. மஞ்சள் வண்ணத்துப்பூச்சிகள் எழுந்து எழுந்து அமர்ந்தன.

தெரேசாவின் கையிலிருந்து தடி விழுந்தது. அவள் அதை எடுக்கவில்லை. நெற்றியில் சிலுவை போட்டுக்கொண்டாள். போட்டோம் என்பதே அவளுக்குத் தெரியாது, சுவக்கின்தான் பின்னால் சொன்னார். கையை நீட்டி ஓர் இலையின் அடியைத் தொட்டாள். பூனைக்குட்டியின் காது போல மெத்தென்றிருந்தது. அட்டையில் அது சொரசொரப்பு. குனிந்து கொத்தை முகர்ந்தாள். தேனும், கசப்பான பச்சையும், ஈரமண்ணும். இத்தனை வருடம் பூச்சி உருண்டை வாசத்துக்குள் அடைபட்டுக் கிடந்தது இதுவா என்று நினைத்தாள். காய்ந்த ஒன்றைத் தைத்துத் தைத்துத் தான் என்னத்தைக் கண்டோம் என்று முதலில் தோன்றியது. அப்புறம், அந்தக் கிண்ணத்து வெந்நீரில் விரிந்தது இதன் பாட்டனாய் இருக்கும் என்று தோன்றியது. இரண்டையும் பார்க்கக் கொடுத்துவைத்தவள் தான் ஒருத்திதான் என்று நினைத்துக்கொண்டாள். சத்தமில்லாமல் சிரித்தாள். கண்ணிலிருந்து தண்ணீர் வழிந்தது.

சுவக்கின் தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு, கோயிலில் நிற்கிறவர் மாதிரி சற்றுத் தள்ளி நின்றார். மரங்களில் பாசி இன்னும் தாடி தாடியாய்த் தொங்கியது. அதைத் தொட்டுப் பார்க்கச் சொல்லித் தெரேசாவே அவரைக் கூப்பிட்டாள்.

அனுஷியா கீழே லயம் இருந்த பக்கம் பார்த்தபடி நின்றிருந்தாள். குழந்தை இடுப்பில். பார்வையைத் திருப்பாமலே சொன்னாள்: "எங்க வீட்டைக் கொண்டு போன மண்ணுதான் பெரியம்மா இதையும் கொண்டாந்திச்சு."

தெரேசாவுக்குச் சிரிப்பு நின்றது. கீழே, சேற்றுக்கடியில், அனுஷியாவின் அடுப்பும் அலுமாரியும் கலியாணப் படமும் கிடந்தன. தானும் அந்த லயத்தில்தான் பிறந்தவள்.  பூ அழகு என்பதா, ஆண்டவர் சித்தம் என்பதா? எதைச் சொன்னாலும் அந்தப் பிள்ளையின் முகத்துக்கு முன் நிற்காது. அவள் அனுஷியாவின் தோளைப் பிடித்துக்கொண்டாள். சாய்ந்து கிடந்த மரத்தில் இருவரும் உட்கார்ந்தார்கள். அந்தப் பெண் ஒரு தரம் விம்மினாள். புயலுக்குப் பிறகு அவள் அழுது இதுவரை யாரும் பார்க்கவில்லை என்று நிரஞ்சன் சொல்லியிருந்தான். தெரேசா அவள் முதுகைத் தடவிக்கொண்டே இருந்தாள். குழந்தை கையெட்டிய ஒரு முதிர்ந்த கொத்தைப் பிடித்து இழுத்தது. பிடித்ததுதான் தாமதம், பஞ்சு பஞ்சாய் விதைகள் கிளம்பின. காற்று கீழிருந்து மேலாக வீசிக்கொண்டிருந்தது. அவை அவர்கள் தலைக்கு மேலாக ஏறி, உரித்த சிவப்பு மலைக்குக் குறுக்கே மிதந்து போயின. குழந்தை வாயைப் பிளந்து பார்த்தது. அனுஷியா மூக்கைத் துடைத்துக்கொண்டு அதையே பார்த்தாள். பிறகு எழுந்து போய், யாரும் சொல்லாமலே, கொத்தில் முகத்தை வைத்து முகர்ந்தாள்.

மத்தியானம்வரை அங்கேயே இருந்தார்கள். கொழுந்துக் கூடையோடு வந்த பெண்கள் சிலரும் வந்து நின்றார்கள். இதே மலையில் இத்தனை காலம் இருந்தும் இதை இப்படிக் கண்டதில்லை என்றார்கள். இது மருந்துக்காகுமா என்று ஒருத்தி தெரேசாவைக் கேட்டாள். எனக்குத் தெரியாது, பார்க்கத்தான் வந்தேன் என்றாள் தெரேசா.

அடுத்த கிழமை மஸாஹிராவும் றிஸ்வியும் வந்து ஒரு கிளையைப் பறித்துப் போனார்கள். ஓய்வு பெற்றவள் என்றாலும் அதைப் பதிக்கத் தெரேசாவையே கூப்பிட்டார்கள். அவள் போய் ஒரு காலைப் பொழுதில் தைத்துக் கொடுத்துவிட்டு வந்தாள்.  ஊசி ஏற்றும்போது, பழுப்புக்கு மேலே ஊதா தெரிந்துகொண்டே இருந்தது என்று சுவக்கினிடம் சொன்னாள்.

வேர் அறுந்த நிலம்தானே; சித்திரை வெயிலில் அந்தப் புதர்கள் ஒவ்வொன்றாய் வாடிக் கருகின. அனுஷியா அதைத் தயங்கித் தயங்கித்தான் தொலைபேசியில் சொன்னாள். தெரேசா கேட்டுக்கொண்டாள். பள்ளத்துக்கு அந்தப் பக்கம், சமநிலத்தில், லயத்து ஆட்களுக்கு வீடு கட்ட இடம் காட்டியிருக்கிறார்கள் என்பதையும் அதே பேச்சில் சொன்னாள். அத்திவாரம் வெட்டுகிற அன்று தெரேசாவும் சுவக்கினும் போனார்கள். சுவக்கின் பேக்கரியிலிருந்து இனிப்புப் பணிஸ் கொண்டுபோயிருந்தார். வேலையாட்கள் சாப்பிடும்போது தெரேசா மலையை ஒரு தரம் நிமிர்ந்து பார்த்தாள். சிவப்பின் மேல் அங்குமிங்கும் பச்சை படர்ந்திருந்தது. இந்தத் தூரத்திலிருந்து அது மானாப்புல்லா, அன்று பறந்த விதையில் முளைத்ததா, வேறெதுவுமா என்று சொல்ல முடியாது. அவள் கிட்டப் போய்ப் பார்க்கக் கேட்கவில்லை. அனுஷியாவின் பிள்ளை புது மண்ணைக் கைநிறைய அள்ளி அவள் மடியில் கொட்டிக்கொண்டிருந்தது. அவள் அதைத் தட்டிவிடாமல் உட்கார்ந்திருந்தாள்.